எராஸ்மஸின் ‘மடமையின் புகழுரை’யும் அதன் உறவுக்கார நூல்களும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

1494க்கும் 1532க்கும் இடைப்பட்ட நாற்பது ஆண்டுகளுக்குள், ஐரோப்பாவில் லத்தீன் படித்த ஒரு கூட்டம் திருச்சபையையும் பல்கலைக்கழகத்தையும் அரசவையையும் கேலி செய்து வரிசையாக நூல்கள் எழுதியது. அவற்றில் நடுநாயகம், டச்சு அறிஞர் எராஸ்மஸ் லத்தீனில் எழுதி 1511இல் அச்சேறிய ‘மடமையின் புகழுரை’. இந்தப் பக்கம் அதைச் சுற்றித்தான் நகரும். கேட்கப்படும் கேள்விகளில் பாதி கடைசியில் ஒரே இடத்தில் வந்து நிற்கும்: இந்த வரியைப் பேசுவது யார்?

‘மடமையின் புகழுரை’யின் கதை என்ன?

கதை கிடையாது. முழுக்க ஒரே ஒரு மேடைப் பேச்சு. மடமை என்ற பெண் கோமாளிக் குல்லாவோடு மேடையேறி, என்னைப் புகழ யாரும் முன்வராததால் நானே என்னைப் புகழ்ந்துகொள்கிறேன் என்று ஆரம்பிக்கிறாள். செல்வக் கடவுளான புளூட்டஸ் அவளுடைய அப்பா. அம்மா இளமை. பாலூட்டிய செவிலிகள் இருவர்: போதை, கல்லாமை. உடன் வந்திருக்கும் பரிவாரத்தில் தன்மோகம், முகஸ்துதி, மறதி, சோம்பல், இன்பம், பித்து, சொகுசு ஆகிய தோழிகளும், கும்மாளம், ஆழ்ந்த உறக்கம் என்று இரண்டு ஆண் தெய்வங்களும் உண்டு. இந்தப் பெயர்களைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் பேரரசரையோ பேராசிரியரையோ கிண்டல் செய்யும்போது, தன்மோகத்தையும் முகஸ்துதியையும் அவர்கள் பக்கத்தில் நிறுத்திவிட்டுத்தான் மடமை பேசுவாள்.

நூல் எப்படிப் பிரிகிறது? எங்கே எது வருகிறது?

எராஸ்மஸ் அத்தியாயம் எதுவும் பிரிக்கவில்லை. பிற்காலப் பதிப்பாளர்கள் 68 சிறு பகுதிகளாக எண்ணிட்டார்கள். பெரும்பாலான மொழிபெயர்ப்புகளில் அந்த எண்கள் இருக்கும். இல்லாத பதிப்பை வாங்கினால் மேற்கோள் தேடுவது பெரும்பாடு.

உள்ளே மூன்று குரல்கள் கேட்கும். முதலில் விளையாட்டு: மடமை இல்லாவிட்டால் கல்யாணம் ஏது, பிள்ளைப்பேறு ஏது, நட்பு ஏது என்று உலகமே தன் தயவில் ஓடுவதாகக் காட்டுவாள். பிறகு சுருதி மாறும். 40, 41ஆம் பகுதிகளில் புனிதர்களைச் சுற்றிய மூடநம்பிக்கை. 48இலிருந்து தொழில்வாரியாக ஊர்வலம்: வணிகர் (48), இலக்கண ஆசிரியர் (49), கவிஞர் (50), வழக்கறிஞர் (51), தத்துவவாதி (52), இறையியலாளர் (53), துறவி (54), அரசர் (55), அரசவையினர் (56), ஆயர் (57), கர்தினால் (58), திருத்தந்தை (59). 61க்கு அப்பால் மூன்றாவது குரல். புனித பவுலின் ‘கிறிஸ்துவுக்காக மடையர்’ என்ற சொல்லைப் பிடித்துக்கொண்டு, உண்மையான பக்தியே உலகத்தின் கண்ணுக்குப் பைத்தியமாகத்தான் தெரியும் என்று முடிக்கிறாள்.

பாடத்துக்காகப் படிப்பவர்கள் 53 முதல் 59 வரை படித்துவிட்டு மூடிவிடுகிறார்கள். கடைசி எட்டுப் பகுதிகளை விட்டால் நூல் வெறும் வசைப்பட்டியலாகச் சுருங்கிவிடும். எராஸ்மஸை நாத்திகர் என்றும் புரட்சிக்காரர் என்றும் எழுதுகிறவர்களில் பலர் அந்த எட்டைத் தொடாதவர்கள்.

மடமை சொல்வதெல்லாம் எராஸ்மஸின் கருத்தா?

இல்லை. எதிர்க்கருத்தும் இல்லை. இங்கேதான் எல்லோரும் வழுக்கி விழுகிறார்கள்.

நமக்குப் பழக்கமான வஞ்சப்புகழ்ச்சியில், புகழ்வதுபோல் பழிப்பவர் யார் என்பதில் குழப்பமில்லை. கயவரைத் ‘தேவர் அனையர்’ என்று வள்ளுவர் சொல்லும்போது சொல்பவர் வள்ளுவர். சொல்லைத் தலைகீழாகத் திருப்பினால் பொருள் வந்துவிடும். எராஸ்மஸ் இன்னொரு திருகு வைக்கிறார். புகழ்பவளே மடமை. மடமை ஒன்றைப் புகழ்ந்தால் அது இகழ்ச்சி என்று எடுத்துக்கொள்ளலாம். ஆனால் மடமை தன்னைத்தானே புகழ்ந்தால்? அவள் பொய் சொல்கிறாள் என்றால் மடமை கெட்டது என்றாகும். அது எல்லோருக்கும் தெரிந்ததுதான். உண்மை சொல்கிறாள் என்றால் ஒரு மடச்சியின் பேச்சை நம்பியவர்களாகிறோம். இந்தச் சுழலை அவிழ்க்க வேண்டியதில்லை, அவர் அதை வேண்டுமென்றேதான் போட்டிருக்கிறார்.

நடைமுறையில் ஒரு பகுதியை எடுத்தால் இப்படிப் பாருங்கள். மடமை யாரை ‘என் ஆட்கள்’ என்று சொந்தம் கொண்டாடுகிறாள்? அவர்களுக்கு என்ன சுகம் கிடைக்கிறது என்கிறாள்? அந்தச் சுகத்துக்கு விலை கொடுப்பது யார்? பேச்சு எங்கே வேடிக்கையை விட்டு நேரடிக் கோபமாக மாறுகிறது? நான்காவது கேள்வி முக்கியம். 57 முதல் 59 வரை ஆயர், கர்தினால், திருத்தந்தையைப் பற்றிப் பேசும்போது குல்லா கழன்றுவிடுகிறது, பேசுவது எராஸ்மஸ்தான் என்று வாசகனுக்குப் பட்டுவிடுகிறது. மடமையும் அதை உணர்ந்தவள்போல, நான் புகழ வந்தேனே தவிர வசைபாட வரவில்லை என்று சமாளிக்கிறாள்.

இவர்களை ‘மனிதநேயர்’ என்கிறார்களே, அவ்வளவு இரக்கமுள்ளவர்களா?

மொழிபெயர்ப்பு செய்த வேலை இது. அந்தக் காலத்து ‘ஹியூமனிஸ்ட்’ என்பவர் இலக்கணம், சொற்கலை, கவிதை, வரலாறு, அறவியல் ஆகியவற்றைப் பழைய லத்தீன், கிரேக்க நூல்கள் வழியாகக் கற்பித்தவர். ஏழைக்கு இரங்கியவர் என்ற பொருள் அதில் இல்லை. பல்கலைக்கழகங்களில் தர்க்கத்தை மையமாக வைத்த பழைய இறையியல் துறைகள் கோலோச்சின. புதியவர்கள் ‘மூலநூலுக்குத் திரும்புவோம்’ என்றார்கள். ஆகவே இந்த அங்கதத்தில் பாதி பாடத்திட்டச் சண்டையும் பதவிச் சண்டையும்தான். இதை ஒப்புக்கொண்டு படித்தால் பல இடங்கள் தெளிவாகும்.

ஆயுதம் கிடைத்த இடம் லூசியன் என்ற பழைய கிரேக்க அங்கதக்காரர். எராஸ்மஸும் அவருடைய ஆங்கிலேய நண்பர் தாமஸ் மோரும் லூசியனின் உரையாடல்களை லத்தீனில் பெயர்த்து 1506இல் பாரிசில் வெளியிட்டார்கள். சிரிக்காத முகத்தோடு பொய் சொல்லும் வித்தை அங்கே கற்றதுதான்.

ஒரே வாரத்தில் எழுதினார் என்பது உண்மையா?

அவரே அப்படித்தான் சொல்லியிருக்கிறார். 1509இல் இத்தாலியிலிருந்து ஆல்ப்ஸ் மலை கடந்து இங்கிலாந்து திரும்பும்போது மனதில் உருவானது. லண்டன் பக்லர்ஸ்பரியில் மோர் வீட்டில் உடம்புக்கு முடியாமல் கிடந்தபோது, புத்தகங்கள் வந்து சேராத நிலையில் எழுதினாராம். தலைப்பே நண்பருக்கான சிலேடை: கிரேக்கத்தில் ‘மோரியா’ என்றால் மடமை, நண்பர் பெயர் மோர். ஆனால் கையில் இருப்பது ஒரு வார நூல் அல்ல. முதல் அச்சு 1511, பாரிஸ். 1514 ஸ்ட்ராஸ்பர்க் பதிப்பில் பெரிய அளவில் சேர்த்தார். இறையியலாளர், துறவியர் பகுதிகளின் காரம் அப்போதுதான் ஏறியது. வாரத்தில் எழுதியது என்பது ‘விளையாட்டாகச் செய்தேன்’ என்ற முன்ஜாமீனும் கூட.

துறவியர்மேல் ஏன் இவ்வளவு கோபம்?

உள்ளே இருந்தவர் என்பதால். எராஸ்மஸ் ஒரு பாதிரியாருக்கு முறைகேடாகப் பிறந்த பிள்ளை. ஸ்டெய்ன் என்ற இடத்தில் அகுஸ்தீன் சபை மடத்தில் சேர்ந்தார். 1492இல் குருப்பட்டம் பெற்றார். மடத்துக்குத் திரும்பவே விரும்பவில்லை. 1517இல் திருத்தந்தை பத்தாம் லியோ, அங்கி அணியாமல் மடத்துக்கு வெளியே வாழ அவருக்கு முறைப்படி விலக்கு அளித்தார்.

54ஆம் பகுதியைப் பாருங்கள். செருப்பில் எத்தனை முடிச்சு, இடைக்கச்சு என்ன நிறம், எத்தனை விரல் அகலம் என்பதற்கெல்லாம் கணக்கு உண்டு. காசைக் கண்டால் நஞ்சைக் கண்டதுபோல் ஒதுங்குவார்கள்; மதுவையும் பெண்களையும் கண்டு அப்படி ஒதுங்குவதில்லை. பிறகு கடைசித் தீர்ப்பு நாள். ஒருவர் விதவிதமான மீன் அடைத்துப் புடைத்த வயிற்றைக் காட்டுகிறார், அத்தனை நாள் புலால் தவிர்த்தாராம். இன்னொருவர் அறுபது வருடமாக இரண்டு சோடிக் கையுறை போடாமல் பணத்தைத் தொட்டதே இல்லை. மற்றொருவர் கொண்டுவரும் அங்கி, எந்தக் கப்பல்காரனும் உடம்பில் போடத் துணியாத அழுக்கு. கிறிஸ்து இடைமறிக்கிறார்: தந்தையின் அரசை நான் வாக்களித்தது அங்கிக்கும் ஒருசந்திக்கும் அல்ல, அன்புச் செயல்களுக்கு.

நகைச்சுவையின் இயந்திரம் எண்ணிக்கைதான். அளக்க முடியாததை அளப்பவர்களை, அவர்களுடைய அளவுகளைக் கொண்டே அடிக்கிறார். (தமிழில் ‘மடம்’ என்றால் அறியாமை, துறவியர் தங்கும் இடம் என்று இரண்டு பொருளும் உண்டு. எராஸ்மஸுக்குத் தெரிந்திருந்தால் சும்மா விட்டிருப்பாரா?)

இறையியலாளர் பகுதியில் வரும் சுரைக்காய் என்ன?

கடவுள் மனிதனாக வந்ததற்குப் பதிலாகப் பெண்ணாகவோ, பேயாகவோ, கழுதையாகவோ, சுரைக்காயாகவோ, கல்லாகவோ வந்திருக்க முடியுமா? சுரைக்காயாக வந்திருந்தால் அது எப்படிப் பிரசங்கித்திருக்கும், அதை எப்படிச் சிலுவையில் அறைந்திருப்பார்கள்? 53ஆம் பகுதியில் இறையியலாளர்கள் இதையெல்லாம் விவாதிப்பதாக வருகிறது. கடவுளின் வல்லமைக்கு எல்லை உண்டா என்பது அன்று உண்மையிலேயே தர்க்க வகுப்புகளில் அலசப்பட்ட விஷயம். எராஸ்மஸ் அதை இன்னும் இரண்டு படி இழுத்து, காய்கறிக் கூடைக்குள் தள்ளிவிட்டார். அப்போஸ்தலர்களே வந்தாலும் இந்தத் தேர்வில் தேற மாட்டார்கள் என்பது அடுத்த அடி.

புனிதர் வழிபாட்டையே எதிர்த்தாரா?

வழிபாட்டை அல்ல, பேரத்தை. 40ஆம் பகுதியில் வருவன: புனித கிறிஸ்டோபர் சிலையைப் பார்த்தால் அன்று சாவு இல்லை, புனித பார்பராவின் சிலைக்கு உரிய சொற்களில் வணக்கம் சொன்னால் போரிலிருந்து காயமின்றித் திரும்பலாம், குறிப்பிட்ட நாளில் குறிப்பிட்ட மெழுகுதிரி ஏற்றினால் புனித எராஸ்மஸ் பணக்காரனாக்குவார். தன் பெயர்கொண்ட புனிதரையும் அவர் விட்டுவைக்கவில்லை.

அதே இடத்தில்தான் பாவமன்னிப்புச் சீட்டு. தமிழில் அப்படிச் சொல்லிப் பழகிவிட்டோம். சரியாகச் சொன்னால் அது பாவத்தை மன்னிப்பதல்ல, மன்னிக்கப்பட்ட பாவத்துக்காக உத்தரிக்கும் ஸ்தலத்தில் (பரலோகம் போகுமுன் ஆன்மா தூய்மையாகும் இடம்) பட வேண்டிய தண்டனையைக் குறைப்பது. இது தெரிந்தால்தான் கேலி விளங்கும். உத்தரிக்கும் ஸ்தலத்தின் காலத்தை நூற்றாண்டு, வருடம், மாதம், நாள், மணி என்று நீர்க்கடிகாரம் வைத்து அளக்கிறார்கள் என்கிறாள் மடமை. கொள்ளையடித்ததிலிருந்து ஒரு சிறு காசைப் போட்டுவிட்டு, வாழ்நாள் சாக்கடை முழுவதும் கழுவப்பட்டதாக நம்பும் வணிகனும் சிப்பாயும் நீதிபதியும் அடுத்து வருகிறார்கள். திருச்சபையை எதிர்த்துச் சீர்திருத்த இயக்கத்தைக் கிளப்பிய மார்ட்டின் லூதரின் 95 கருத்துரைகளுக்கு (1517) ஆறு வருடம் முந்தைய எழுத்து இது.

இதே பொருளை இன்னும் ருசியாகப் படிக்க அவருடைய ‘உரையாடல்கள்’ தொகுப்பில் உள்ள ‘கப்பற்சேதம்’ (1523) போதும். கப்பல் மூழ்குகிறது. ஒருவன் பாரிஸ் கோயிலில் உள்ள மலைபோன்ற கிறிஸ்டோபர் சிலையின் அளவுக்கு மெழுகுதிரி தருவதாக உரக்க நேர்ந்துகொள்கிறான். உன் சொத்தையெல்லாம் ஏலம் விட்டாலும் முடியாதே என்கிறான் பக்கத்தில் இருப்பவன். புனிதர் காதில் விழாதபடி பதில் வருகிறது: சும்மா இரு, கரையேறிவிட்டால் கொழுப்புத்திரி கூடக் கொடுக்கப்போவதில்லை. யாருக்கும் எதையும் நேர்ந்துகொள்ளாமல் கைக்குழந்தையோடு அமைதியாக இருந்த பெண்தான் முதலில் கரை சேர்கிறாள்.

திருத்தந்தையையே கேலி செய்தும் எப்படித் தப்பினார்?

பெயர் சொல்லவில்லை. 59ஆம் பகுதியில், திருச்சபையின் பெயரால் போர் நடத்தும் திருத்தந்தையர் என்று பன்மையில்தான் வருகிறது. ஆனால் அப்போது திருத்தந்தையாக இருந்தவர் இரண்டாம் ஜூலியஸ். 1506 நவம்பரில் அவர் படையோடு பொலோனியா நகரில் வெற்றி ஊர்வலம் வந்ததை எராஸ்மஸ் கண்ணால் பார்த்தவர். வாசகர்கள் கணக்குப் போட்டுக்கொண்டார்கள்.

வேறு காரணங்களும் உண்டு. லத்தீன் என்பதால் பாமரர் கைக்குப் போகாது. பேசுவது கோமாளி, அரசரிடம் உண்மை சொல்லக் கோமாளிக்கு மட்டும் அனுமதி உண்டு என்பதை 36ஆம் பகுதியிலேயே மடமை நினைவூட்டிவிடுகிறாள். ஆதரவாளர்கள் பெரிய இடத்தில் இருந்தார்கள். 1516இல் அவர் வெளியிட்ட கிரேக்கப் புதிய ஏற்பாடு பத்தாம் லியோவுக்குத்தான் அர்ப்பணிக்கப்பட்டது.

எதிர்ப்பே இல்லாமலும் இல்லை. லூவேன் பல்கலைக்கழகத்தின் மார்ட்டின் டோர்ப் 1514இல் கடிதம் எழுதினார்: இறையியலாளர் மதிப்பைக் கெடுத்துவிட்டீர், பரிகாரமாக ‘ஞானத்தின் புகழுரை’ ஒன்று எழுதலாமே. 1515இல் எராஸ்மஸ் எழுதிய நீண்ட பதில் பல பதிப்புகளில் பின்னிணைப்பாக வரும். யாரையும் பெயர் சொல்லிக் குத்தவில்லை, பொதுவான குறையைச் சொன்னால் தன்னைச் சொன்னதாகத் துள்ளுகிறவர் தம்மையே காட்டிக்கொடுக்கிறார் என்பது அதன் சாரம். மறுக்கக் கடினமான வாதம். கொஞ்சம் குசும்பும் கூட.

பரலோக வாசலில் ஜூலியஸ் நிற்கும் உரையாடலும் இவர் எழுதியதா?

அவர் ஒருபோதும் ஒப்புக்கொள்ளவில்லை. ஆனால் அவர் கையெழுத்தில் இருந்த ஒரு பிரதி 1516இல் மோரிடம் இருந்தது. அறிஞர்களில் பெரும்பாலோர் அவருடையது என்றே கொள்கிறார்கள். ஜூலியஸ் 1513 பிப்ரவரியில் இறந்தார். உரையாடலில் அவர் கவசம் தரித்து, போரில் செத்த சிப்பாய்க் கூட்டத்தோடு பரலோக வாசலுக்கு வந்து கதவைத் தட்டுகிறார். சாவி திறக்கவில்லை, அது பணப்பெட்டிச் சாவி. பேதுரு உள்ளே விட மறுக்கிறார். ஜூலியஸ் அவரையே திருச்சபையிலிருந்து விலக்கிவிடுவதாக மிரட்டுகிறார். கடைசியில் படை திரட்டி வந்து பரலோகத்தை முற்றுகையிடப்போவதாகச் சொல்லிப் போகிறார். ‘மடமை’யின் நுட்பம் இதில் இல்லை, முகமூடியும் இல்லை. அதனால்தான் பெயரில்லாமல் வந்தது.

‘இருண்ட மனிதரின் கடிதங்கள்’ என்பது என்ன?

இந்த வகையிலேயே துணிச்சலான மோசடி. பின்னணி இது. யூத சமயத்திலிருந்து மதம் மாறிய யோஹான்னஸ் ஃபெஃபர்கோர்ன், யூதர்களின் நூல்களைப் பறிமுதல் செய்ய 1509இல் பேரரசர் மாக்சிமிலியனிடம் ஆணை வாங்கினார். கொலோன் நகர தொமினிக்கன் சபையினர் அவர் பின்னால் நின்றார்கள். எபிரேய அறிஞர் யோஹான்னஸ் ரோய்ஷ்லின் 1510இல், அந்த நூல்களை அழிக்கக் கூடாது என்று கருத்து எழுதிக் கொடுத்தார். வழக்கு ரோம் வரை போனது. தமக்கு ஆதரவாகப் பெரியவர்கள் எழுதியவற்றை ரோய்ஷ்லின் 1514இல் ‘ஒளிமிக்க மனிதரின் கடிதங்கள்’ என்று தொகுத்தார்.

அடுத்த வருடம் ‘இருண்ட மனிதரின் கடிதங்கள்’ வந்தது. எதிர்த்தரப்பைச் சேர்ந்த துறவிகளும் பட்டதாரிகளும் கொலோன் ஆசிரியர் ஓர்ட்வின் கிராட்டியஸுக்கு எழுதியவை போன்ற கடிதங்கள். எல்லாமே கற்பனை. முதல் பகுதி பெரும்பாலும் குரோட்டஸ் ரூபேயானுஸ் கைவேலை, 1517இன் இரண்டாம் பகுதி உல்ரிக் ஃபான் ஹுட்டன் கைவேலை. அச்சிட்ட ஊர் ஹாகெனாவ். அட்டையிலோ வெனிஸ் என்று போட்டு, புகழ்பெற்ற அச்சகத்தார் ஆல்டுஸ் மனூட்டியஸ் பெயரைத் திரித்து ஒரு பொய்ப் பெயரையும் சேர்த்திருந்தார்கள்.

முதல் கடிதத்தில், இறையியல் முனைவராகப் போகிறவரை எந்தப் பட்டப்பெயரால் அழைப்பது என்று விருந்தில் பெரிய சர்ச்சை. இரண்டாவதில், ஃபிராங்க்ஃபுர்ட் சந்தையில் இரண்டு யூதர்களை இறையியல் ஆசான்கள் என்று நினைத்துத் தொப்பியைக் கழற்றிவிட்டேன், இது எவ்வளவு பெரிய பாவம் என்று ஒருவர் பதறுகிறார். இரண்டாம் பகுதியில் ஓர் ஆள் ரோம் நகர விடுதியில் முட்டையை உடைக்க, உள்ளே குஞ்சு. சீக்கிரம் விழுங்கு, விடுதிக்காரன் பார்த்தால் கோழிக்குக் காசு கேட்பான் என்கிறான் கூட இருப்பவன். விழுங்கிய பிறகுதான் நினைவு வருகிறது: வெள்ளிக்கிழமை, புலால் கூடாத சுத்தபோசன நாள்! பாலாடைக்கட்டிப் புழுவை மீன் கணக்கில் சேர்க்கலாம் என்று ஒரு மருத்துவர் சொன்னாராம். குஞ்சை எந்தக் கணக்கில் சேர்ப்பது?

தாக்குபவர் இங்கே வாயே திறப்பதில்லை. எதிராளியின் குரலைக் கடன் வாங்கி, அவன் தன்னைத்தானே காட்டிக்கொடுக்கும்படி விடுகிறார். எவ்வளவு கச்சிதமாக வேலை செய்தது என்றால், சில துறவிகள் அதைத் தம் தரப்பு நூல் என்று நம்பி மகிழ்ந்தார்களாம். பிரபாண்டில் ஒரு மடத்தலைவர் பெரியவர்களுக்குப் பரிசளிக்கப் பிரதிகள் வாங்கியதாக எராஸ்மஸ் குறிப்பிடுகிறார். லியோ 1517 மார்ச்சில் நூலைக் கண்டித்தார். 1520இல் ரோய்ஷ்லின் வழக்கிலும் ரோம் அவருக்கு எதிராகவே தீர்ப்பளித்தது.

அப்படியானால் இவர்கள் யூதர் பக்கம் நின்றவர்களா?

நூல்களின் பக்கம் நின்றார்கள். மனிதர்கள் பக்கம் என்று சொல்வது கடினம். ‘கடிதங்கள்’ ஃபெஃபர்கோர்னை அடிக்கும்போது அவருடைய யூதப் பிறப்பையே கல்லாக எடுத்து எறிகிறது. எராஸ்மஸும் அவரைப் பற்றிக் கசப்பாக எழுதியவர்தான். ‘மடமை’யின் 54ஆம் பகுதியில் கிறிஸ்து துறவியரைப் பார்த்து, இது எங்கிருந்து வந்த புதிய யூதக் கூட்டம் என்று கேட்பதாக வருகிறது; வெறும் சடங்கு என்பதற்கு ‘யூதம்’ என்ற சொல்லையே வசையாகப் பயன்படுத்துவது அவர் வழக்கம். இதை மறைத்துவிட்டு இவர்களைச் சகிப்புத்தன்மையின் முன்னோடிகள் என்று மாலை போடுவது சரியல்ல.

பெண்ணை மடமையாகக் காட்டியது?

பேச்சின் தொடக்கத்தில் பெண்களைப் பற்றிய பழைய கேலிகள் வருகின்றன. அவற்றைச் சொல்பவளும் பெண் என்று தப்பித்துக்கொள்ளும் தந்திரமும் இருக்கிறது. இதற்கு எதிரில் வைத்துப் படிக்க வேண்டியது ‘மடாதிபதியும் படித்த பெண்ணும்’ (1524) என்ற உரையாடல். மக்தாலியா என்ற பெண்ணின் அறையில் லத்தீன், கிரேக்க நூல்களைக் கண்டு முகம் சுளிக்கிறார் மடாதிபதி. என் துறவிகள் படிக்கத் தொடங்கினால் எதிர்த்துப் பேசுவார்கள் என்பது அவர் கவலை. நீங்கள் உஷாராக இல்லாவிட்டால் ஒருநாள் நாங்கள் உங்கள் ஆசனத்தில் ஏறிப் பிரசங்கம் செய்வோம் என்கிறாள் அவள்.

பிராண்டின் ‘மடையர் கப்பல்’ இதே வகைதானா?

பாதி. சட்ட அறிஞர் செபஸ்டியன் பிராண்ட் 1494இல் பாசல் நகரில் ஜெர்மன் மொழியில் வெளியிட்டார்: 112 அத்தியாயம், ஒவ்வொன்றிலும் ஒரு வகை மடையன், மரச்செதுக்குப் படங்களோடு. பல படங்கள் இளம் ஓவியர் டூரரின் கைவேலை என்று கருதப்படுகின்றன. முதல் மடையன், படிக்காமல் புத்தகம் வாங்கி அடுக்குபவன். பிராண்ட் கரையில் நின்று கப்பலைத் திட்டுகிறார். எராஸ்மஸோ கப்பலிலேயே ஏறி, தலைவியிடம் ஒலிவாங்கியைக் கொடுத்துவிடுகிறார். அங்கதத்தை விட அறவுரையே பிராண்டிடம் மிகுதி.

மோரின் ‘யுட்டோப்பியா’வை இதில் சேர்க்கலாமா?

கட்டாயம். 1516இல் லூவேனில் வந்தது. இலட்சிய நாட்டுக்கான திட்டவரைபடம் என்று மட்டும் படிப்பதுதான் வழக்கமான பிழை. பெயர்களே எச்சரிக்கின்றன: நாட்டின் பெயர் ‘இல்லாத இடம்’, ஆற்றின் பெயர் ‘நீரற்றது’, கதை சொல்லும் ஹித்லோடேயஸ் பெயரின் பொருள் ‘வெற்றுரை விற்பவன்’. முதல் பாகம் இங்கிலாந்தைச் சுடுகிறது: திருடனைத் தூக்கிலிடும் சட்டம், மேய்ச்சலுக்காக நிலத்தை வளைத்து உழவரைத் துரத்திய நிலப்பிரபுக்கள், மனிதரைத் தின்னும் ஆடுகள். கர்தினால் மோர்ட்டனின் விருந்தில் ஒரு விகடக்காரன், நாடோடிகளைப் பிடித்து வேலை வாங்கும் சட்டத்தில் பிச்சையெடுக்கும் துறவிகளும் அடங்கிவிட்டார்களே என்கிறான். துறவி கொதித்தெழுந்து விவிலிய வசனங்களாலேயே திட்டித் தீர்க்கிறார். இரண்டாம் பாகத்தில் தங்கம் மலச்சட்டிக்கும் அடிமைச் சங்கிலிக்கும் போகிறது. அங்குள்ள குருக்கள் மிகமிகப் புனிதமானவர்கள், ஆகவே மிகமிகக் குறைவு: நகரத்துக்கு 13 பேர். அந்த ‘ஆகவே’யில்தான் முழு அடியும் இருக்கிறது.

லூதருக்கு வழி போட்டவர் எராஸ்மஸ்தானா?

அவர் காலத்திலேயே கிளம்பிய குற்றச்சாட்டு. முட்டையிட்டது எராஸ்மஸ், பொரித்தது லூதர் என்றார்கள். நான் இட்டது கோழிமுட்டை, லூதர் பொரித்தது முற்றிலும் வேறு பறவை என்று 1524இல் ஒரு கடிதத்தில் பதில் எழுதினார். அதே வருடம் மனித விருப்பாற்றலின் சுதந்திரம் பற்றி லூதரை எதிர்த்து நூலும் எழுதினார். 1525இல் லூதர் காரமாகத் திருப்பிக் கொடுத்தார். எராஸ்மஸ் கத்தோலிக்கராகவே வாழ்ந்து 1536இல் பாசலில் இறந்தார். குறைகளைப் பற்றி இருவரும் பெரும்பாலும் ஒன்றுதான் சொன்னார்கள். மருந்தில்தான் வேறுபாடு: எராஸ்மஸ் சிரிப்பும் கல்வியும் போதும் என்று நினைத்தார்.

1517க்குப் பின் சிரிப்பின் அர்த்தமே மாறிப்போனது. 1511இல் வீட்டுக்குள் சொன்ன கிண்டல், இப்போது எதிர்ப்படையின் கையில் ஈட்டி. யார் வீட்டில் அந்த நூல் பிறந்ததோ அந்த மோரே, 1530களின் தொடக்கத்தில், இந்தக் காலத்தில் யாராவது ‘மடமை’யை ஆங்கிலத்தில் பெயர்த்தால் என் நூல்களையும் சேர்த்து என் கையாலேயே எரிக்க உதவுவேன் என்று எழுதினார்.

இந்த நூல்களுக்காக யாராவது தண்டிக்கப்பட்டார்களா?

எராஸ்மஸை யாரும் தொடவில்லை. அவருடைய எழுத்துகளைப் பிரெஞ்சில் பெயர்த்த லூயி த பெர்கன் 1529 ஏப்ரலில் பாரிசில் எரிக்கப்பட்டார். லத்தீனில் சொன்னால் வேடிக்கை, மக்கள் மொழியில் சொன்னால் குற்றம். நூல்களுக்குத் தண்டனை பிறகு வந்தது: திருத்தந்தை நான்காம் பவுலின் 1559 தடைப்பட்டியல் எராஸ்மஸின் எல்லா எழுத்தையும் தடுத்தது. 1564 பட்டியல் கொஞ்சம் தளர்த்தியது. ஆனாலும் ‘மடமை’க்கும் ‘உரையாடல்க’ளுக்கும் தடை நீடித்தது.

மொழிபெயர்ப்பில் எவை காணாமல் போகும்?

சிலேடைகள் போய்விடும், அதற்கு அடிக்குறிப்பு போதும். பெரிய இழப்பு ‘இருண்ட மனிதர்’ நூலில். ஜெர்மனில் நினைத்து லத்தீன் சொற்களை வரிசையாக அடுக்கும் கொச்சை நடைதான் அங்கே முழு நகைச்சுவையும். நல்ல மொழியில் பெயர்த்தால் நகைச்சுவை செத்துவிடும், மோசமான மொழியில் பெயர்த்தால் மொழிபெயர்ப்பாளர்மேல் பழி விழும். ‘மடமை’யில் பாதி வரிகள் பழைய நூல்களின் மேற்கோள் துண்டுகள். 1515 பாசல் பதிப்பிலேயே லிஸ்ட்ரியஸ் என்பவரின் உரைக்குறிப்புகள் சேர்க்க வேண்டியிருந்தது. அன்றைய வாசகருக்கே தேவைப்பட்டது என்றால் நாம் கூச்சப்பட வேண்டியதில்லை. அந்தப் பதிப்பின் ஒரு பிரதியின் ஓரங்களில்தான் இளம் ஓவியர் ஹோல்பைன் பேனாவால் எண்பதுக்கு மேற்பட்ட சிறு படங்கள் வரைந்தார். பிரதி இன்றும் பாசலில் உள்ளது. படங்களோடு கூடிய பதிப்பு கிடைத்தால் அதையே எடுங்கள்.

எந்த வரிசையில் படிப்பது?

‘கப்பற்சேதம்’ முதலில், அரை மணி நேரத்தில் முடியும், முன்னறிவு எதுவும் வேண்டாம். அடுத்து ‘மடாதிபதியும் படித்த பெண்ணும்’. பிறகு ‘மடமை’: முதல் நாள் 1 முதல் 47 வரை வேகமாக, மறுநாள் 48 முதல் 60 வரை நிதானமாக, மூன்றாம் நாள் 61 முதல் 68 வரை தனியாக. 29ஆம் பகுதியில் வரும் சிலேனஸ் பொம்மையை மட்டும் மறக்காமல் குறித்துக்கொள்ளுங்கள்: வெளியே அசிங்கம், திறந்தால் உள்ளே தெய்வம். கடைசிப் பகுதிகளுக்கு அதுதான் சாவி. டோர்ப் கடிதத்துக்கான பதிலை அதன் பின்னரே படியுங்கள். முன்னால் படித்தால் எராஸ்மஸ் சொல்லும் விளக்கத்தையே நூல் என்று நம்பிவிடுவீர்கள். ‘யுட்டோப்பியா’ முதல் பாகம், ஜூலியஸ் உரையாடல், ‘இருண்ட மனிதர்’ இவற்றை எந்த ஒழுங்கிலும் எடுக்கலாம். பிரெஞ்சு அங்கதக்காரர் ரபலேயின் ‘பான்டாகுருவேல்’ (1532) கடைசியில். பாரிஸ் நூலகம் ஒன்றின் போலிப் புத்தகப் பட்டியல் அதில் வருகிறது. கொலோன் ஓர்ட்வின் பெயரால், சபையில் கௌரவமாகக் காற்றுப் பிரிப்பது எப்படி என்று ஒரு நூலும் அங்கே அடுக்கில் இருக்கும்.